கங்கு வேறு, அடுப்பு வேறு

உங்கள் ஒரு கேள்விக்குள் நான்கு கேள்விகள் இருக்கின்றன. 1977-இல் ஏவிய வாயேஜர் விண்கலங்களில் அணு உலை இருக்கிறதாமே, அதற்கு யார் எரிபொருள் போடுகிறார்கள்? சோலார் பேனல் வைத்தால் போதாதா? இப்படி ஒன்றைச் சுமந்து போகும் ராக்கெட் வெடித்து நம் தலையில் விழுந்தால்? இதில் நிலாவிலும் உலை வைக்கப் போகிறார்களாமே, நடக்கிற காரியமா? இந்த நான்குக்கும் அடியில் ஓடுவது ஒரே கவலை என்று எனக்குப் படுகிறது: இது ஆபத்தா, ஆபத்து என்றால் எந்த நேரத்தில்? அதை மனதில் வைத்துக்கொண்டுதான் எழுதுகிறேன். கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் என்னைப் பற்றி ஒரு வரி. கதிர்வீச்சுப் பாதுகாப்பில் இருபத்தாறு வருடம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். கதிரியக்கப் பொருளைக் கையாளுவது, டோஸ், அதாவது உடல் வாங்கும் கதிர்வீச்சின் அளவு, கணக்குப் போடுவது, எங்காவது சிந்தினால் ஆட்களை விலக்கிவிட்டுச் சுத்தம் செய்வது, இதுதான் என் தொழில். ராக்கெட் கட்டியவன் இல்லை. ஆகவே கதிரியக்கம் பற்றி நான் சொல்வதை நம்பிக்கையோடும், ராக்கெட் பற்றிச் சொல்வதை ஓர் ஆர்வலனின் பேச்சாகவும் எடுத்துக்கொள்ளுங்கள்.

வாயேஜர் என்பது இரண்டு கலங்கள்; இரண்டிலும் அணு உலை கிடையாது. இருப்பது ஆர்டிஜி என்று சுருக்கமாகச் சொல்லப்படும் ஒரு சாதனம், ஒவ்வொரு கலத்திலும் மூன்று. அதன் உள்ளே புளூட்டோனியம்-238 இருக்கிறது. இந்தப் பொருளுக்கு ஒரு குணம்: சும்மா வைத்திருந்தாலே சுடும். அதன் அணுக்கள் தாமாகச் சிதைந்துகொண்டே இருக்கின்றன. ஒவ்வொன்றும் சிதையும்போது ஓர் ஆல்ஃபா துகள் பாய்ந்து, பக்கத்தில் உள்ள அணுக்களில் மோதி நின்று, வெப்பமாகிவிடுகிறது. ஒரு கிராமுக்கு அரை வாட்டுக்குச் சற்று மேல். கைக்கு அடக்கமான ஒரு வில்லையைக் காப்புப் போர்வை சுற்றி வைத்துவிட்டுத் திறந்து பார்த்தால், அது தன் சூட்டிலேயே செக்கச் செவேலென்று ஒளிரும். நீறு பூத்த நெருப்பு, கங்கு என்று சொல்வோமே, அதுதான் இது. ஊதிப் பெருக்க முடியாது, தண்ணீர் விட்டு அணைக்கவும் முடியாது. தன் கணக்குப்படிக் கனன்று குறையும். அரை ஆயுள், அதாவது பாதி சிதைய ஆகும் காலம், 87.7 ஆண்டு.

அந்தச் சூட்டை மின்சாரமாக்குவது தெர்மோகப்பிள். இரண்டு வேறு பொருள்களை இணைத்து ஒரு முனையைச் சூடாகவும் மறு முனையைக் குளிராகவும் வைத்தால் மின்னழுத்தம் பிறக்கும். சீபெக் என்பவர் 1821-இல் கண்டுபிடித்தது. சுழலும் பாகம், பம்ப், வால்வு எதுவும் கிடையாது. கெட்டுப்போக அதிகம் இல்லாததால்தான் இத்தனை வருடம் ஓடுகிறது. திறன் என்று பார்த்தால் பரிதாபம்தான்: நூற்றுக்கு ஆறேழு பங்கு வெப்பம் மட்டுமே மின்சாரமாகும். வாயேஜர் கிளம்பும்போது மூன்று ஆர்டிஜியும் சேர்ந்து கொடுத்தது சுமார் 470 வாட். வீட்டு மிக்ஸி ஒன்றை ஓட்டலாம், அவ்வளவே. இன்று அதில் ஏறத்தாழப் பாதி இருக்கிறது. புளூட்டோனியத்தின் சிதைவை மட்டும் கணக்கிட்டால் மூன்றில் இரண்டு பங்கு மிச்சம் இருக்க வேண்டும். தெர்மோகப்பிள்களும் கூடவே தேய்ந்துவிட்டதால் அதைவிடக் குறைவு. ஆண்டுக்கு 4 வாட் குறைந்துகொண்டே வருகிறது. யார் எரிபொருள் போடுகிறார்கள் என்று கேட்டீர்கள். யாரும் போடுவதில்லை. கருவிகளை ஒவ்வொன்றாக அணைத்துச் சமாளிக்கிறார்கள். 2025-இல் கூட இரண்டு கலங்களிலும் ஆளுக்கொரு கருவியை நிறுத்தினார்கள். பட்ஜெட் சுருங்கிய வீட்டில் எந்த விளக்கை அணைப்பது என்று யோசிக்கிற மாதிரி, 2,000 கோடி கிலோமீட்டருக்கு அப்பால்.

சரி, சோலார் போதாதா? செவ்வாய் வரைக்கும் பெரும்பாலும் போதும். வியாழனில் சூரிய ஒளி பூமியில் இருப்பதில் 27-இல் ஒரு பங்கு; அங்கேயும் இப்போது முடிகிறது. 2011-இல் கிளம்பிய ஜூனோ விண்கலம் மூன்று பெரிய சோலார் இறக்கைகளோடு போனது. ஒவ்வொன்றும் சுமார் 9 மீட்டர் நீளம். பூமிக்கருகில் 14 கிலோவாட் தரக்கூடிய அந்த இறக்கைகள் வியாழனில் 500 வாட் அளவுக்குத்தான் கொடுத்தன. ஆனாலும் வேலை நடந்தது. முப்பது வருடத்துக்கு முன் இது முடியாது என்றுதான் சொல்லியிருப்பார்கள். அதனால் 'அணுசக்தி இல்லாமல் வெளிக்கோள்களுக்குப் போகவே முடியாது' என்று யாராவது மேசையைத் தட்டிச் சொன்னால், எந்தக் கோள் என்று திருப்பிக் கேளுங்கள். சனியில் ஒளி நூற்றில் ஒரு பங்கு. புளூட்டோவில், 2015-இல் நியூ ஹொரைசன்ஸ் விண்கலம் கடந்து போனபோது, ஆயிரத்தில் ஒரு பங்கு. அந்தத் தூரத்தில் கங்குக்கு இன்றுவரை மாற்று இல்லை.

பலரும் கவனிக்காத விஷயம் ஒன்று உண்டு. விண்கலங்கள் சாவது பெரும்பாலும் இருட்டால் அல்ல, குளிரால். மின்கலமும் எலக்ட்ரானிக்ஸும் உறைந்தால் மறுபடி வெளிச்சம் வந்தும் பயனில்லை. நிலாவில் இரவு என்றால் நம் கணக்கில் இரண்டு வாரம். வெப்பநிலை மைனஸ் 150 டிகிரிக்கும் கீழே போகும். சந்திரயான்-3-இன் விக்ரமும் பிரக்யானும் 2023 செப்டம்பரில் உறங்கப்போய் எழாததை நாம் எல்லோரும் பார்த்தோம். அவை ஒரு நிலாப் பகலுக்கென்றே வடிவமைக்கப்பட்டவை, ஆகவே அது தோல்வி இல்லை. சீனாவின் யூட்டு-2 நிலா ஊர்தி அதே மாதிரி இரவுகளைப் பல ஆண்டுகளாகத் தாண்டியது; அதற்குள் கதிரியக்க வெப்பக் கட்டிகள் இருந்தன. சோவியத்தின் லுனோகோட் ஊர்தி 1970-லேயே பொலோனியம்-210 வைத்து இதைச் செய்துவிட்டது. அமெரிக்கர்கள் பயன்படுத்தும் வெப்பக் கட்டியில் 2.7 கிராம் புளூட்டோனியம் ஆக்சைடு இருக்கும்; தருவது ஒரே ஒரு வாட் வெப்பம். ஒரு வாட்தானே என்று நினைக்காதீர்கள். நன்றாகப் போர்த்திய பெட்டிக்குள் அதுவே உயிர். சந்திரயான்-3-இன் உந்துகலனில் நம் அணுசக்தித் துறை செய்த இரண்டு ஒரு-வாட் கட்டிகள் சோதனைக்காகப் போயின. இறங்கிய விக்ரமில் அவை இல்லை.

செவ்வாயில் இன்னொரு எதிரி, தூசு. சோலாரில் ஓடிய ஆப்பர்சூனிட்டி ஊர்தி 2018 புழுதிப் புயலில் மௌனமானது. இன்சைட் இறங்குகலத்தின் சோலார் தகடுகள் தூசு படிந்து 2022 கடைசியில் கதை முடிந்தது. கியூரியாசிட்டி ஊர்திக்கு அந்தக் கவலை இல்லை. அதில் 4.8 கிலோ புளூட்டோனியம் ஆக்சைடு. தொடக்கத்தில் 2,000 வாட் வெப்பம், 110 வாட் மின்சாரம். மீதி வெப்பத்தையும் வீணாக்காமல் குழாய் வழியே ஒரு திரவத்தை ஓட்டி வண்டியின் வயிற்றைச் சூடாக வைத்துக்கொள்கிறார்கள்.

இனி உங்கள் மூன்றாவது கேள்வி. என் தொழில் இங்கேதான் வருகிறது. ராக்கெட் வெடித்தால் அணுகுண்டு போல ஆகுமா? ஆகாது. இதில் எனக்குத் துளிச் சந்தேகமும் இல்லை. குண்டுக்குப் போவது புளூட்டோனியம்-239. ஆர்டிஜியில் இருப்பது 238, அதுவும் பீங்கான் மாதிரி கெட்டியாக்கிய ஆக்சைடு. ஓர் அணு பிளந்து அடுத்ததைப் பிளக்கிற தொடர்வினைக்கான ஏற்பாடே அங்கு கிடையாது. பயப்பட வேண்டியது வெடிப்புக்கு அல்ல, தூசுக்கு.

எங்கள் பயிற்சி வகுப்பில் ஒரு மூத்தவர் இதைக் காட்டினார். ஆல்ஃபா துகள் வீசும் பொருள் (சோர்ஸ் என்போம்) ஒன்றின் மேல் கதிர்வீச்சை எண்ணும் கவுன்டரைப் பிடித்தார், அது படபடவென்று அடித்தது. நடுவில் ஒரு துண்டு செய்தித்தாளைச் செருகினார். சத்தம் நின்றுவிட்டது. இவ்வளவுதானா என்று நாங்கள் சிரித்தோம். "இதே தூசு நெஞ்சுக்குள்ளே போச்சுன்னா பேப்பரை எங்கேடா வெப்பே?" என்றார். ஆல்ஃபா துகளைத் தோலே நிறுத்திவிடும். ஆனால் மூச்சோடு போய் நுரையீரலில் ஒட்டிய துகள் பக்கத்திலிருக்கும் செல்களை வருடக்கணக்கில் சுட்டுக்கொண்டிருக்கும். அதனால்தான் இந்த எரிபொருளைப் பொடியாகாதபடி, காற்றில் எரிந்து கரையாதபடி செய்வதில் இவ்வளவு மெனக்கெடுகிறார்கள். வில்லையைச் சுற்றி இரிடியம் உலோக உறை, அதைச் சுற்றி கிராஃபைட் கவசம்.

இந்தப் பாடம் சும்மா வரவில்லை. 1964 ஏப்ரலில் ஆர்டிஜி சுமந்த, அமெரிக்காவின் ஒரு டிரான்சிட் வழிகாட்டிச் செயற்கைக்கோள் சுற்றுப்பாதையை எட்டாமல் திரும்பியது. அன்றைய கொள்கையே வேறு: விழுந்தால் உயரத்திலேயே முழுவதும் எரிந்து பரவிப் போகட்டும், நீர்த்துவிடும் என்பது. அப்படியே நடந்தது. சுமார் ஒரு கிலோ புளூட்டோனியம்-238 வளிமண்டலத்தின் மேல் அடுக்கில் கலந்தது. அதுவரை அணுகுண்டுச் சோதனைகள் உலகில் சேர்த்திருந்த புளூட்டோனியம்-238-ஐவிட இது அதிகம். சில ஆண்டுகளில் உலகெங்கும் மண் மாதிரிகளில் அது தென்பட்டது. யாருக்காவது அதனால் புற்றுநோய் வந்ததா என்றால், ஆளுக்கு ஆள் பிரித்துச் சொல்ல வழியே இல்லை; தலைக்கு விழுந்த டோஸ் இயற்கையாக நாம் வாங்கும் டோஸில் கரைந்துபோகிற அளவு. அபாயம் பூஜ்யம் என்று நான் சொல்ல மாட்டேன். அளந்து காட்ட முடியாத அளவு சிறியது என்பதுதான் நேர்மையான வாக்கியம்.

அந்த விபத்துக்குப் பிறகு கொள்கை தலைகீழானது: எரியக் கூடாது, முழுசாக விழ வேண்டும். 1968-இல் ஒரு நிம்பஸ் வானிலைச் செயற்கைக்கோள் ஏவும்போதே போய்விட்டது. கலிஃபோர்னியா கடலடியிலிருந்து அதன் சோர்ஸை முழுசாக எடுத்து, எரிபொருளை மறுபடி பயன்படுத்தினார்கள். 1970-இல் அப்போலோ 13. நிலாவில் வைத்துவிட்டு வர வேண்டிய ஆர்டிஜியின் எரிபொருள், வீரர்களைக் காப்பாற்றிய அதே நிலா இறங்குகலத்தோடு பூமிக்குத் திரும்பி வந்து பசிபிக்கில் டோங்கா அகழிப் பகுதியில் மூழ்கியது. கிட்டத்தட்ட 3.8 கிலோ. காற்றிலும் கடலிலும் அளந்து பார்த்தார்கள், கசிவு எதுவும் தெரியவில்லை. வீரர்கள் பிழைத்த கதையைச் சொல்கிறவர்கள் இதைச் சொல்வதில்லை.

இதை வைத்துக்கொண்டு, 1997-இல் சனிக்குக் காசினி விண்கலத்தை ஏவும்போது எதிர்த்துப் போராடியவர்கள் விவரமில்லாதவர்கள் என்று பலர் எழுதினார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. சுமார் 33 கிலோ புளூட்டோனியம் ஆக்சைடு அதில் இருந்தது. மேலும் 1999 ஆகஸ்டில் அது வேகம் கூட்டிக்கொள்ளப் பூமியை ஒட்டி, 1,200 கிலோமீட்டருக்கும் குறைவான தூரத்தில் கடந்தது. சுற்றுப்பாதையிலிருந்து விழும் வேகத்துக்குத் தாங்கும் கவசம், அதைவிட இருமடங்குக்கும் மேலான வேகத்தில் தாங்குமா என்பது நியாயமான கேள்வி. வாய்ப்பு மிக மிகக் குறைவு என்று நாசா கணக்குக் காட்டியது. எனக்கும் அது சரியான முடிவாகவே படுகிறது. ஆனால் கேள்வி கேட்டவனைக் கேலி செய்வது பாதுகாப்புத் தொழிலில் முதல் குற்றம்.

இதுவரை சொன்னது கங்கு. இனி அடுப்பு, அதாவது நிஜ அணு உலை. யுரேனியம்-235 அணுவைப் பிளந்து, தொடர்வினையைக் கட்டுப்படுத்தி வெப்பம் எடுப்பது. வேண்டும்போது ஏற்றலாம், வேண்டாதபோது தணிக்கலாம், கிலோவாட் கணக்கில் மின்சாரம் வரும். இதன் ஆபத்து எல்லோரும் நினைப்பதற்கு நேர் எதிரானது. ஒருமுறையும் இயக்காத உலை ஏவுதளத்தில் கிட்டத்தட்டச் சாதுவான சரக்கு. யுரேனியம்-235-இன் அரை ஆயுள் 70 கோடி ஆண்டு. அவ்வளவு மெதுவாகச் சிதைகிற பொருளிடம் கதிர்வீச்சும் அவ்வளவு குறைவு. புதிய யுரேனியக் கட்டியைக் கையுறை போட்டுக்கொண்டு தூக்கலாம். அதே உலையைச் சில மாதம் ஓட்டிவிட்டால், பிளவில் பிறந்த சீசியம், ஸ்ட்ரான்ஷியம் எல்லாம் சேர்ந்து கிட்டே போக முடியாத பொருளாகிவிடும். ஆக, கங்கு ஏவும் நாளிலேயே முழு வீரியத்தோடு இருக்கும். அடுப்பு ஏற்றிய பிறகுதான் ஆபத்து. என்னிடம் யார் கேட்டாலும் நான் முதலில் இதைத்தான் சொல்வது.

ஒரு விதிவிலக்கையும் சொல்லிவிட வேண்டும். இயக்காத உலை கடலில் விழுந்து, உள்ளே தண்ணீர் புகுந்தால், தண்ணீர் நியூட்ரான்களை மெதுவாக்கித் தொடர்வினையைத் தானாகத் தொடங்கிவைக்க வாய்ப்பு உண்டு. அப்போதும் ஊரை அழிக்கும் குண்டு ஆகாது, பக்கத்தில் இருப்பவருக்கு ஆபத்தான கதிர்வீச்சு கிளம்பும். இது நடக்காதபடி வடிவமைப்பது உலை செய்பவர்களுக்குப் பெரிய தலைவலி.

இதில் அதிகம் அனுபவப்பட்டது சோவியத் நாடு. அமெரிக்கா சுற்றுப்பாதைக்கு அனுப்பிய உலை ஒன்றே ஒன்று, 1965-இல் ஸ்னாப்-10ஏ. சுமார் 500 வாட். நாற்பத்து மூன்று நாளில் உலைக்குச் சம்பந்தமே இல்லாத ஒரு மின் கோளாறில் நின்றுபோய், 1,300 கிலோமீட்டர் உயரத்தில் இன்றும் சுற்றிக்கொண்டிருக்கிறது. சோவியத் முப்பதுக்கும் மேல் அனுப்பியது. அமெரிக்கப் போர்க்கப்பல்களை ரேடாரால் கண்காணிக்கும் செயற்கைக்கோள்கள் அவை. ரேடாருக்கு மின்சாரம் நிறைய வேண்டும், கூடவே தாழப் பறக்க வேண்டும். தாழப் பறந்தால் பெரிய சோலார் இறக்கைகள் காற்றில் இழுபட்டுக் கலத்தைக் கீழே இறக்கிவிடும். அதனால் உலை. வேலை முடிந்ததும் உலையை 900 கிலோமீட்டருக்கு மேலே தள்ளிவிடுவது திட்டம். காஸ்மோஸ் 954 அப்படி ஏறவில்லை. 1978 ஜனவரி 24 அன்று கனடாவின் வடமேற்குப் பனிப் பிரதேசத்தில், பல நூறு கிலோமீட்டர் நீளத்துக்குச் சிதறி விழுந்தது. கனடாவும் அமெரிக்காவும் மாதக்கணக்கில் விமானத்தில் கதிர்வீச்சுக் கருவிகளை வைத்துக்கொண்டு தேடின. கிடைத்த சில துண்டுகள் கையில் எடுத்தால் உயிருக்கே ஆபத்தான அளவு. ஓட்டிய உலை விழுந்தால் என்ன ஆகும் என்பதற்கு நம்மிடம் இருக்கும் தெளிவான பாடம் இதுதான். கனடா 60 லட்சம் கனடிய டாலர் கேட்டது. 1981-இல் 30 லட்சம் கிடைத்தது. விழுந்த இடத்தில் மக்கள் நெருக்கம் இல்லாதது அதிர்ஷ்டம், திட்டம் இல்லை.

அதன் பிறகு 1992-இல் ஐ.நா. பொதுச் சபை சில நெறிகளை ஏற்றது. அதில் முக்கியமானது: உலையைத் தன் சுற்றுப்பாதைக்கோ கோள்களுக்கிடையிலான பாதைக்கோ போய்ச் சேரும் முன் இயக்கக் கூடாது. இவை சட்டமாகக் கட்டுப்படுத்துபவை அல்ல, ஆனால் மீறி அனுப்ப யாரும் துணிய மாட்டார்கள் என்று நினைக்கிறேன். வேடிக்கை என்னவென்றால், அதே நெறிகள் உயர் செறிவூட்டிய, அதாவது 235-இன் பங்கை மிகவும் கூட்டிய, யுரேனியத்தையே பயன்படுத்தச் சொல்கின்றன. அதுவோ குண்டு செய்ய உதவுகிற சரக்கு. அதனால் இன்று அமெரிக்காவே அதைத் தவிர்க்கப் பார்க்கிறது.

நிலாவில் உலை வைக்கும் செய்திக்கு வருகிறேன். 2025 ஆகஸ்டில் நாசா 100 கிலோவாட் உலை ஒன்றை 2030-க்குள் நிலாவுக்கு ஏவத் தயாராக்க வேண்டும் என்று உத்தரவு போட்டது. இரண்டு வார இரவு இருக்கும் இடத்தில் மனிதர் தங்க வேண்டுமானால் இதற்கான தேவை உண்மையானது. இயற்பியலும் புதிதல்ல. 2018-இல் நெவாடாவில் கிரஸ்டி என்ற சிறு உலையை 28 மணி நேரம் முழுவீச்சில் ஓட்டிப் பார்த்தார்கள். சுமார் 30 கிலோ யுரேனியம், ஒரு தண்ணீர் பாட்டில் உயரம். நடுவில் வேண்டுமென்றே வெப்பம் வெளியேறுவதைக் குறைத்தார்கள். யுரேனியம் சூடேறி விரிந்து, உலை தானாகவே அடங்கியது. யாரும் கைவைக்க வேண்டியிருக்கவில்லை. எனக்கு மிகவும் பிடித்த சோதனை அது.

ஆனால் கிரஸ்டியில் கிடைத்த வெப்பமே சில கிலோவாட்தான். அங்கிருந்து 100 கிலோவாட் மின்சாரம் என்பது பெரிய தாவல். பூமியில் உலைகளை ஏன் கடலோரத்திலும் ஆற்றோரத்திலும் கட்டுகிறோம்? மின்சாரமாகாத வெப்பத்தை எங்காவது கொட்ட வேண்டும். நிலாவில் தண்ணீரும் இல்லை, காற்றும் இல்லை. அகன்ற தகடுகளை விரித்து வெப்பத்தை வெறும் கதிர்களாக வானத்துக்கு அனுப்ப வேண்டும். 100 கிலோவாட் மின்சாரத்துக்கு அதைப் போல் இரண்டு மூன்று மடங்கு வெப்பத்தை இப்படிக் கொட்ட வேண்டியிருக்கும். அந்தத் தகடுகளை மடித்து ராக்கெட்டுக்குள் அடக்கி, நிலாத் தூசுக்கு நடுவே விரிப்பது உலையைவிடக் கடினமான வேலை ஆகலாம். இது என் ஊகம், அத்துறைக்காரர்கள் மாறுபடலாம். 2030 என்ற தேதியை நான் நம்பவில்லை. இந்தத் துறையில் திட்டங்கள் அறிவிக்கப்படும் வேகமும் கைவிடப்படும் வேகமும் ஒன்றுதான். ஹைட்ரஜனை உலையில் சுடவைத்துப் பீய்ச்சும் ராக்கெட் எஞ்சினை அமெரிக்கர்கள் 1960-களில் நெவாடா பாலைவனத்தில் ஓட்டியே காட்டினார்கள். ரசாயன ராக்கெட்டைப் போல் ஏறத்தாழ இரண்டு மடங்கு சிக்கனம். 1973-இல் பணம் நின்றது. 2023-இல் டிராக்கோ என்ற பெயரில் அதையே மறுபடி அறிவித்தார்கள், 2025-இல் அதுவும் கைவிடப்பட்டது.

கங்குக்குமே தட்டுப்பாடு உண்டு. அமெரிக்கா 1988-இல் புளூட்டோனியம்-238 தயாரிப்பை நிறுத்திவிட்டு, ரஷ்யாவிடம் வாங்கிக் காலம் தள்ளியது. 2015-இல்தான் ஓக் ரிட்ஜ் ஆய்வுக்கூடத்தில் மறுபடி 50 கிராம் எடுத்தார்கள். ஐரோப்பியர்கள் இந்தப் போட்டியே வேண்டாம் என்று அமெரிசியம்-241 பக்கம் போகிறார்கள். சூடு கம்மி, ஆனால் அரை ஆயுள் 432 ஆண்டு. புகை வந்தால் கூவும் சில பழைய அலாரங்களுக்குள் துளியளவு இருப்பது அதே பொருள்தான்.

கடைசியாக ஒரு யோசனை. அடுத்த முறை 'அணுசக்தி விண்கலம் ஏவப்பட்டது' என்று செய்தி வந்தால், உள்ளே இருப்பது புளூட்டோனியம்-238 என்றால் கவசத்தைப் பற்றி என்ன சொல்கிறார்கள் என்று பாருங்கள். யுரேனியம் என்றால், எந்த உயரத்தில் முதன்முதலாக இயக்கப் போகிறார்கள், வேலை முடிந்ததும் எங்கே விடப் போகிறார்கள் என்று பாருங்கள். டிராகன்ஃப்ளை 2028-இல் சனியின் டைட்டன் நிலவுக்குக் கிளம்ப இருக்கிறது. அது கங்குதான்.